நான் சாம்பியனைச் சாகடித்த கதை

எங்கள் செஸ் சங்கம் மாதம் ஒரு பத்திரிகை கொண்டுவருகிறது. பத்திரிகை என்று நாங்கள்தான் சொல்லிக்கொள்கிறோம். பார்த்தவர்கள் நோட்டீஸ் என்பார்கள். முதல் பக்கத்தில் சங்கத் தலைவர் யாருக்காவது கை கொடுத்துக்கொண்டு நிற்பார். உள்ளே போட்டி முடிவுகள். கடைசிப் பக்கம் என்னுடையது. பெயர் பெற்ற ஆட்டக்காரர்களின் வாழ்க்கையை அதில் எழுதுகிறேன். யாரைத் தோற்கடித்துப் பெயர் வாங்கினார், யாரிடம் தோற்றுப் பெயரைக் கெடுத்துக்கொண்டார், கடைசிக் காலத்தில் என்ன ஆனார் என்பதெல்லாம் அதில் வரும். எல்லாரையும் 'அமைதியானவர், எளிமையானவர்' என்று எழுதிவிடுவேன். நேரில் பழகிய ஒருவர்கூட அப்படி இருந்ததில்லை. ஆனாலும் அந்த இரண்டு சொல் இல்லாமல் எனக்குக் கட்டுரை நகராது.

இத்தனை பேரைப் பற்றி எழுதுகிறவனுக்கு ஆட்டம் வருமா என்றால், வரும். தோற்கும் அளவுக்கு நன்றாகவே வரும். போட்டிகளில் முதல் சுற்றில் என்னோடு ஆட வேண்டும் என்று தெரிந்தவன் முகத்தில் ஒரு நிம்மதி பரவும். அந்த நிம்மதியைப் பள்ளிக்கூடப் பையன்கள் முகத்திலும் பார்த்திருக்கிறேன், பேரன் பேத்தி எடுத்தவர்கள் முகத்திலும் பார்த்திருக்கிறேன்.

பிழைப்புக்கு ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை. பின்னறையில் உட்கார்ந்து லென்ஸைத் தேய்த்துப் பிரேமுக்குள் உட்கார வைப்பேன். நடுநடுவே முன்னால் வந்து வாடிக்கையாளரின் காதுக்குப் பின்னால் கம்பியை வளைத்துச் சரிசெய்வேன். மனைவி ஆஸ்பத்திரியில் நர்ஸ். ஒருவருக்கு உயிர் இருக்கிறதா இல்லையா என்று தெரிந்துகொள்வது அவள் வேலையில் ஒரு பகுதி. இந்தக் கதைக்கு அது தேவைப்படும் என்பதால் சொல்கிறேன்.

என் ஆசை பெரியது அல்ல. பெரிய ஆட்டக்காரர் ஒருவரை ஜெயிக்க வேண்டும் என்று நான் ஒருநாளும் நினைத்ததில்லை. அந்த அளவுக்குப் புத்தி கெட்டுப்போகவில்லை. ஒரே ஒரு டிரா. நான் எழுதிய மனிதர்களில் யாராவது ஒருவர் என்னை ஜெயிக்க முடியாமல் எழுந்து போக வேண்டும். அந்த ஆட்டத்தைப் பெரிதாக அச்சடித்து, கடையில் கண் பரிசோதனைப் பலகைக்குப் பக்கத்தில் மாட்டுவதற்கு இடம்கூடப் பார்த்து வைத்திருந்தேன். அந்த இடம் பல வருடமாகக் காலியாகவே இருந்தது.

அப்படி இருக்கும்போதுதான் சாம்பியன் சார் கடைக்கு வந்தார். இளவயதில் ஒரே ஒரு தடவை தேசியப் பட்டம் வாங்கியவர். அடுத்த வருடமே பட்டம் கைமாறிவிட்டது. பெயர் மட்டும் அவரோடு தங்கிவிட்டது. குடிநீர் வாரியத்தில் மீட்டர் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றிருந்தார். எங்களிடம் வாங்கிய கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். தூரத்துக்கும் கிட்டத்துக்கும் சேர்த்து ஒரே லென்ஸ் போட்ட கண்ணாடி.

"தம்பி, இதைப் போட்டா மந்திரி வளைஞ்சு போகுது," என்றார்.

விற்பனைப் பெண் அவரையும் கதவையும் மாறிமாறிப் பார்த்தாள். எனக்குப் புரிந்துவிட்டது. பலகையில் மந்திரி மூலைவாட்டில் போகும் காய். அந்த வகை லென்ஸில் ஓரங்களில் கோடு வளைந்து தெரியும். சாய்ந்த கோட்டில் அது இன்னும் மோசம். நான் அவரை உட்காரவைத்து, படிக்க மட்டும் தனியாக ஒரு கண்ணாடி போட்டுக் கொடுத்தேன். பிரேம் மூக்கில் அழுத்துகிறது என்றார், மாற்றினேன். அழுத்தவில்லை என்றார், அதையும் மாற்றினேன். முதலாளி பின்னால் நின்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார்.

கிளம்பும்போது, "ஆடுவீங்களா?" என்று கேட்டார்.

"ஏதோ கொஞ்சம் சார்."

அந்தக் 'கொஞ்சம்' தன்னடக்கம் இல்லை என்பதை அவர் முதல் ஆட்டத்திலேயே கண்டுபிடித்துவிட்டார். போனில் செய்தி அனுப்பி ஆடினோம். காலையில் அவரிடமிருந்து ஒரு நகர்த்தல் வரும். நான் லென்ஸ் மெஷின் ஓடிக்கொண்டிருக்கும்போதே யோசித்து மதியம் பதில் அனுப்புவேன். அடுத்தது மறுநாள் காலைதான் வரும். என் நகர்த்தலுக்குப் பதில் கண்டுபிடிக்க அவருக்கு ஒரு வாய்த் தண்ணீர் குடிக்கும் நேரம்கூட ஆகாது என்று எனக்கே தெரியும். இருந்தாலும் எனக்கு மரியாதை கொடுத்து ஒரு நாள் எடுத்துக்கொள்கிறார் என்று நினைத்துப் பூரித்துப்போனேன்.

தோற்றேன். திரும்பவும் தோற்றேன். பல மாதங்கள் விதவிதமாகத் தோற்றேன். கடைசியாக ஓர் ஆட்டத்தில் எனக்கு மிஞ்சியது ராஜாவும் ஒரு சிப்பாயும். அந்தச் சிப்பாயும் அவர் ராஜாவின் மூக்குக்கு நேரே முட்டிக்கொண்டு நின்றது. அவரிடம் ஒரு முழு யானை இருந்தது. மானமுள்ளவன் இந்த இடத்தில் ஆட்டத்தை விட்டுக்கொடுத்துவிடுவான். நானோ, வயதானவர், ஒருநாள் கண்ணயர்ந்து யானையை எங்காவது தொலைத்துவிடமாட்டாரா என்று காத்திருந்தேன். கூடவே ஒரு செய்தியும் அனுப்பினேன்: "இந்த ஆட்டம் முடிந்ததும் கொஞ்ச நாள் ஓய்வு எடுத்துக்கொள்ளலாம் சார், கடையில் வேலை அதிகம்." கடையில் வேலை எப்போதும் போலத்தான் இருந்தது. தோற்றுத் தோற்று எனக்குத்தான் அலுத்துவிட்டது.

அதற்குப் பிறகு அவரிடமிருந்து நகர்த்தல் வரவில்லை.

மறுநாள் காலையும் வரவில்லை. அடுத்த வாரமும் வரவில்லை. கூப்பிட்டால் போன் அணைக்கப்பட்டிருந்தது. நான் பின்னறையில் உட்கார்ந்து இதை எல்லாப் பக்கமும் திருப்பிப் பார்த்தேன். உடம்பு சரியில்லை என்றால்? காய்ச்சலோடு ஆடி ஜெயித்தவர் என்று நானே அவரைப் பற்றி எழுதியிருக்கிறேன். மறந்துவிட்டாரா? சாப்பிட மறப்பார், ஆட்டத்தை மறக்கமாட்டார். ஒரு யானை அதிகமாக வைத்துக்கொண்டு, எதிராளியைக் கழுத்தைப் பிடித்து நிறுத்தியிருக்கும் நேரத்தில், உயிருள்ள எந்தச் செஸ்காரனும் ஆட்டத்தை நிறுத்தமாட்டான். ஆகவே அவருக்கு உயிர் இல்லை.

அவருடைய விலாசம் என் நாற்காலிக்குப் பின்னால், கடையின் வாடிக்கையாளர் அட்டைப் பெட்டியில் இருந்தது. நடந்தே போயிருக்கலாம். எனக்குத் தோன்றவில்லை. செஸ்காரனுக்குத் தர்க்கம் போதும், நடை வேண்டாம். இன்னொன்றும் உண்டு. வயதான ஆட்டக்காரர்கள் எல்லாருக்கும் நான் முன்கூட்டியே அஞ்சலிக் கட்டுரையைப் பாதி எழுதி வைத்திருப்பேன். இவருடையது முக்கால்வாசி முடிந்திருந்தது. நன்றாகவும் வந்திருந்தது.

சங்கச் செயலாளருக்குப் போன் செய்தேன்.

"உறுதிதானே?" என்றார் அவர்.

"ஒரு யானை அதிகமா இருக்கு சார். அந்த நிலைமையில நிறுத்திட்டார்."

செயலாளரும் செஸ்காரர். "அப்படின்னா சந்தேகமே இல்ல. பாவம்," என்றார்.

கட்டுரை வந்தது. ஞாயிற்றுக்கிழமைப் போட்டியில் எல்லாக் கடிகாரங்களையும் நிறுத்தி ஒரு நிமிடம் மௌனம் காத்தார்கள். அந்த ஒரு நிமிடத்தில் பலகையைப் பார்த்துக்கொண்டே நின்றவர்கள், கடிகாரம் ஓடத் தொடங்கியதும் டக் டக்கென்று ஆடினார்கள். சாம்பியன் சார் பெயரில் நினைவுக் கோப்பைப் போட்டி என்று தலைவர் அறிவித்தார். கோப்பைக்கும் சொல்லியாகிவிட்டது.

வீட்டில் மனைவியிடம் பெருமையாகப் பத்திரிகையை நீட்டினேன். படித்துவிட்டு, "எப்படிச் செத்தார்?" என்றாள்.

நான் யானைக் கதையைச் சொன்னேன். அவள் சீருடையைக்கூட மாற்றாமல் அப்படியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள்.

"எங்க ஆஸ்பத்திரியில நாடி பார்ப்போம், கண்ணுல டார்ச் அடிப்போம், டாக்டர் வந்து பார்த்து கையெழுத்துப் போடணும். உங்களுக்கு யானை நகரலைன்னா போதுமா?"

"உனக்கு செஸ் தெரியாது."

"உங்களுக்கும்தான் தெரியாது," என்றாள். இது எங்கள் வீட்டில் எப்போதும் நடக்கும் பேச்சு என்பதால் நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அந்த வாரமே கடைப் போன் அடித்தது. பின்னறையில் நான்தான் எடுத்தேன்.

"தம்பி, செத்தவன் பேசுறேன்," என்றது குரல்.

என் கையிலிருந்த லென்ஸ் கீழே விழுந்தது. நல்லவேளை, பிளாஸ்டிக். "சார், மன்னிச்சிடுங்க சார், நான் வந்து…" என்று என்னென்னவோ உளறினேன்.

"அதை விடுங்க. நீங்க எழுதினதுல ஒரு தப்பு இருக்கு."

"தெரியும் சார். பெரிய தப்பு."

"அந்தத் தப்பு இல்ல. பட்டம் வாங்கின ஆட்டத்துல நான் குதிரையைத் தியாகம் பண்ணேன்னு எழுதியிருக்கீங்க. தியாகமெல்லாம் ஒண்ணும் இல்ல. அது அங்க நிக்கறதையே நான் கவனிக்கல. போயிடுச்சு. நான் ஏதோ பெரிய திட்டம் வெச்சிருக்கேன்னு எதிராளி பயந்துட்டான். அதான் ஜெயிச்சேன். அப்புறம், அமைதியானவர்னு எழுதியிருக்கீங்க. என்கூட வேலை பார்த்தவங்க யாரையாவது கேட்டீங்களா?"

கேட்கவில்லை என்றேன். போனை வைத்துவிட்டார்.

எனக்குக் கோப்பையும் மௌனமும் தலைவரின் முகமும் ஒன்றாக ஞாபகம் வந்தன. அதைவிடப் பெரிய கவலை ஒன்று இருந்தது, சொல்ல வெட்கமாக இருக்கிறது. உயிரோடு இருப்பவரைச் சாகடித்தவனோடு அவர் இனி எதற்கு ஆடப்போகிறார்? பெயர் பெற்ற மனிதர் ஒருவர் என்னோடு ஆடச் சம்மதித்தது வாழ்க்கையில் ஒரே தடவை. என் டிரா அவரோடு போய்விடும். மனிதர் பிழைத்துக்கொண்டாரே என்று சந்தோஷப்பட வேண்டிய நேரத்தில் என் புத்தி அங்கேதான் போய் நின்றது.

நேரில் போய் மன்னிப்புக் கேட்பது என்று முடிவானதும் மனைவி செருப்பை மாட்டிக்கொண்டு வாசலில் நின்றாள். "நானும் வரேன். உங்க தீர்ப்பு எவ்வளவு சரின்னு பார்க்கணும்."

அவருடைய அடுக்குமாடிக் குடியிருப்பில் லிப்ட் ஓடவில்லை. மாடிப்படியில் பக்கத்து வீட்டுக்காரர்களின் சைக்கிளும் காலி அட்டைப்பெட்டிகளும் இருந்தன. கதவைத் திறந்த சாம்பியன் சார் நான் போட்டுக் கொடுத்த கண்ணாடியைப் போட்டிருந்தார். ஒரு பக்கம் தாழ்ந்திருந்தது. மன்னிப்புக் கேட்கும்போதே கை தன்னால் நீண்டு கம்பியைச் சரிசெய்துவிட்டது.

ஒரே அறை, ஓரத்தில் சமையலறை. மகன் வெளிநாட்டில் இருக்கிறான், மனைவி இறந்து சில வருடங்கள் ஆகின்றன என்று எனக்குத் தெரியும், நானே எழுதியிருக்கிறேன். ஆனால் சாப்பாட்டு மேசைக்கு ஒரே ஒரு நாற்காலி என்று எழுதியதில்லை. மேசைமேல் பலகை. அதில் எங்கள் ஆட்டம் நின்ற இடத்திலேயே நின்றது. என் சிப்பாய் காணாமல் போயிருக்க வேண்டும், அதன் இடத்தில் பற்பசை மூடி ஒன்று நின்றது. பலகைக்குப் பக்கத்தில் போன் கிடந்தது.

என் மனைவி நோயாளியைப் பார்ப்பதுபோல் அந்தப் போனை எடுத்துப் பார்த்தாள். பொத்தானை அழுத்தியதும் திரை எரிந்தது.

"போன் நல்லாத்தானே இருக்கு ஐயா?"

அவர் எங்கள் இருவரையும் கட்டிலில் உட்காரச் சொன்னார்.

"ஏன் அணைச்சு வெச்சிருந்தீங்க?" நர்ஸ்கள் ஒரு கேள்வியை விடமாட்டார்கள்.

"திறந்து வெச்சா ஆடத் தோணும்மா," என்றார். "இன்னும் நாலஞ்சு நகர்த்தல்தான். இவர் கை தூக்கிடுவார். முடிஞ்சதும் ஓய்வுன்னு வேற சொல்லிட்டார்."

எனக்கு முகம் சுட்டது. "சார், அது சும்மா சொன்னது. நாளைக்கே புது ஆட்டம் ஆரம்பிக்கலாம். எத்தனை வேணும்னாலும் ஆடலாம்."

"எல்லாரும் அதைத்தான் சொன்னாங்க. பட்டம் போனப்ப சொன்னாங்க, வேலையில இருந்து வந்தப்ப சொன்னாங்க. அடுத்த ஆட்டம் நாளைக்குன்னு சொல்லிட்டுப் போவாங்க. ஒருத்தரும் வரல. நீங்க மட்டும் இந்த ஆட்டம் முடியலையேன்னு தினமும் போன்ல வந்தீங்க." பலகையைக் காட்டி, "முடிச்சிட்டா எதுக்கு வரப்போறீங்க?" என்றார்.

பல வருடமாக ஆட்டக்காரர்களின் கடைசிக் காலத்தை ஒரே வரியில் எழுதி முடித்தவன் நான். 'ஓய்வுக்காலத்தை அமைதியாகக் கழித்தார்.' எவ்வளவு சுலபமாக எழுதிவிட்டேன். அங்கே உட்கார்ந்திருந்தபோது எனக்கு அழுகை வந்தது. மனைவி பார்த்துவிட்டாள், நல்லவள், அன்றைக்குக் கேலி செய்யவில்லை.

அடுத்த இதழில் மறுப்பு வந்தது. 'சென்ற இதழில் காலமானவர் நலமாக இருக்கிறார்' என்று தொடங்கி, குதிரை விஷயத்தையும் சேர்த்து எழுதினேன். 'கோபக்காரர்' என்றும் போட்டேன். அதைப் பார்த்து அவர் சந்தோஷப்பட்டார். கோப்பையில் 'நினைவு' என்று பொறித்தாகிவிட்டதால் தலைவர் அதை வீணாக்க விரும்பவில்லை. கடைசியில் சாம்பியன் சாரே மேடையேறித் தன் நினைவுக் கோப்பையை ஜெயித்தவனிடம் கொடுத்தார். கொடுக்கும்போது, உன் கடைசி நேர ஆட்டம் மட்டமாக இருந்தது என்று அவனைத் திட்டவும் திட்டினார்.

மறுநாள் காலை என் போனில் ஒரு நகர்த்தல் வந்தது. யானை, பக்கத்துக் கட்டத்துக்கு.

நான் பலகையில் வைத்துப் பார்த்தேன். அது ஜெயிக்கும் நகர்த்தல் இல்லை. ஜெயிக்கும் நகர்த்தல் எனக்கே தெரிந்தது என்றால் அது எவ்வளவு எளிது என்று பார்த்துக்கொள்ளுங்கள். நான் ராஜாவை ஒரு கட்டம் தள்ளினேன். மறுநாள் யானை பழைய இடத்துக்குத் திரும்பியது. என் ராஜாவும் திரும்பியது. மறுபடி யானை பக்கத்துக் கட்டத்துக்குப் போனது.

இப்படியே போய்க்கொண்டிருந்தபோது ஒரு காலையில், பல் துலக்கிக்கொண்டே போனைப் பார்த்தவன் அப்படியே நின்றுவிட்டேன். பலகையில் அதே நிலை மூன்றாம் தடவையாக வந்திருந்தது. செஸ் விதி தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன்: ஒரே நிலை மூன்று தடவை வந்தால், ஆட வேண்டியவர் டிரா கேட்கலாம். எதிராளி சம்மதிக்க வேண்டியதில்லை. கேட்டால் போதும், கிடைத்துவிடும். கேட்காவிட்டால் ஆட்டம் தொடரும்.

ஆட வேண்டியவன் நான்.

வாயில் நுரையோடு மனைவியிடம் ஓடினேன். அவளுக்கும் என் ஆசை தெரியும். காலி இடத்தைக் கடையில் அவளுக்குக் காட்டியிருக்கிறேன்.

"கேளுங்க," என்றாள். "இத்தனை வருஷம் ஏங்கினீங்களே. அவரே கொடுக்கிறார் போல."

"டிரா கேட்கிறேன் சார்" என்று அடித்தேன். எழுத்துப்பிழை இருக்கிறதா என்றுகூடப் பார்த்தேன். என் பெயரும் சாம்பியன் பெயரும், நடுவில் ஒரு சின்னக் கோடும், ஆளுக்கு அரைப் புள்ளியும் கண்ணில் தெரிந்தன. அனுப்பும் பொத்தானுக்குப் பக்கத்தில் கட்டைவிரல் போனது.

விதி அவருக்குத் தெரியாமல் இருக்குமா? எனக்கு முன்னால் பல வருடம் அதைக் கேட்டவர், கொடுத்தவர். நிலை எத்தனை தடவை வந்தது என்று எண்ணாமல் யானையை நகர்த்துகிற ஆள் இல்லை அவர். என் டிராவை எடுத்து என் கையில் வைத்துவிட்டு, அந்த ஒற்றை நாற்காலியில், போனைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். நான் கேட்டால் எனக்கு டிரா கிடைக்கும். ஆட்டமும் முடியும்.

அடித்ததை அழித்தேன். ராஜாவை ஒரு கட்டம் நகர்த்தி அனுப்பினேன்.

மறுநாள் காலை வர வேண்டிய பதில் உடனே வந்துவிட்டது. எங்கள் பழக்கத்தில் அவர் முதல்முறையாகக் காத்திருக்காமல் ஆடினார். யானை, பழைய இடத்துக்கு.

அதற்குப் பிறகு அந்த நிலை எத்தனை தடவை வந்தது என்று நான் எண்ணுவதில்லை. எதுவும் வெட்டுப்படாமல், சிப்பாய் அசையாமல் நெடுநாள் போனாலும் டிரா கேட்கலாம் என்று இன்னொரு விதி இருக்கிறது. அதையும் எப்போதோ தாண்டிவிட்டோம். ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த மாடிக்கு நேரில் போகிறோம். மனைவி அவருடைய ரத்த அழுத்தம் பார்ப்பாள், நான் கண்ணாடிக் கம்பியைச் சரிசெய்வேன். ஒரு நாற்காலி வாங்கிக் கொடுத்தோம். என்னைத் திட்டுவதற்கு வசதியாக எதிரே போட்டுவைத்திருக்கிறார். அவரைப் பற்றி எழுதிய அந்தக் கட்டுரையின் கைப்பிரதியைக் கிழித்துப் போட்டுவிட்டேன்.

கடையில் கண் பரிசோதனைப் பலகைக்குப் பக்கத்தில் அந்த இடம் இன்னும் காலிதான். முதலாளி அங்கே ஒரு விளம்பரம் மாட்டலாம் என்கிறார். வேண்டாம் சார், ஆட்டம் நடந்துகொண்டிருக்கிறது என்று சொல்லி வைத்திருக்கிறேன்.